'ரூக்கரி நூக்' கைக்கு வந்தாச்சு! (ஆனால் அந்த சத்தம்…)

வணக்கம் மக்களே. கூரியர் வந்துவிட்டது! 'ரூக்கரி நூக்', 1930-இல் வந்த பிரிட்டிஷ் பேசும் படம், டிவிடியாக இதோ கையில். பழைய காமெடிப் படம் கிடைத்தால் நான் எப்படி ஆகிவிடுவேன் என்று உங்களுக்குத் தெரியும். இன்றைக்கு வேறு பேச்சே கிடையாது.

முதலில் விலை. 1,850 ரூபாய், தபால் செலவோடு. இதை விற்ற அதே ஆள் 'ஒன் எம்பராசிங் நைட்' என்று இன்னொரு டிவிடியையும் 1,400-க்குத் தருகிறேன் என்றார். நடிகர்களும் அதே டாம் வால்ஸ், அதே ரால்ஃப் லின். அட்டையைப் பெரிதாக்கிப் பார்த்தால் பைஜாமா போட்ட ஒரு பெண். அங்கேயே பிடித்துவிட்டேன். அமெரிக்காவில் இதே படத்தை அந்தப் பெயரில்தான் விட்டார்கள்! 1,400 மிச்சம். நீங்களும் குறித்துக்கொள்ளுங்கள், இரண்டும் ஒரே படம். இரண்டு தடவை காசு கொடுத்துவிடாதீர்கள்.

சரி, கதை. புதுசாகக் கல்யாணமான ஜெரால்ட், மனைவி வருவதற்கு முன்பே வாடகை வீட்டுக்கு வந்து சேர்கிறான். ராத்திரி ஒரு பெண் பைஜாமாவோடு வந்து அடைக்கலம் கேட்கிறாள். மாற்றாந்தகப்பன் துரத்திவிட்டான். பக்கத்திலேயே மனைவியின் சகோதரி, எல்லாவற்றையும் மோப்பம் பிடிக்கிற ஆள். அப்புறம் என்ன, ஒரு கதவு மூடினால் இன்னொரு கதவு திறக்கும்.

"கேமரா அசையவே இல்லை, நாடகத்தை அப்படியே எடுத்திருக்கிறார்கள்" என்று இந்தப் படத்தை ஒதுக்குவார்கள். கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அதுதானே இதில் பொக்கிஷம்! பென் டிராவர்ஸ் எழுதிய நாடகம் 1926-இல் லண்டன் ஆல்ட்விச் தியேட்டரில் ஏறி 409 காட்சி ஓடியது. அங்கே நடித்த ரால்ஃப் லின், டாம் வால்ஸ், ராபர்ட்சன் ஹேர், வினிஃப்ரெட் ஷாட்டர், மேரி பிரஃப் எல்லோரும் படத்திலும் இருக்கிறார்கள். ஒற்றைக் கண்ணாடியோடு லின் பேச்சைப் பாதியில் விழுங்கிவிட்டு முழிப்பார் பாருங்கள், அந்த இடைவெளி ஆயிரக்கணக்கான பேர் சிரித்துச் சிரித்துப் பழக்கிய இடைவெளி. ஊமைப் படமாக எடுத்திருந்தால் அது நமக்குக் கிடைத்திருக்குமா? அந்த மோப்பக்காரச் சகோதரியின் புருஷன், பெண்டாட்டிக்கு நடுங்குகிற ட்வைனாக ஹேர் வருகிற இடமெல்லாம் எனக்கு உயிர்.

அட, இயக்குநரைச் சொல்லவே இல்லையே. டாம் வால்ஸ்தான் இயக்கமும். தயாரிப்பு ஹெர்பர்ட் வில்காக்ஸ். கூடவே ஹிஸ் மாஸ்டர்ஸ் வாய்ஸ், அதே நாய் முத்திரை ரெக்கார்டுக்காரர்கள்!

ரெக்கார்டு கம்பெனியே கைகோத்த படத்துக்கு இந்த டிவிடிக்காரர்கள் செய்திருக்கிற வேலையைக் கேளுங்கள். இரைச்சலை எடுக்கிறோம் என்று குரலையும் சேர்த்துச் சுரண்டிவிட்டார்கள். மேரி பிரஃப் வேலைக்கார அம்மாவாக வந்து பொரிந்து தள்ளுகிறார், பாதி சொல் தண்ணீருக்குள்ளிருந்து கேட்கிறது. 1930 படத்தில் இரைச்சல் இருந்தால் இருக்கட்டுமே! எனக்கு வசனம் வேண்டும்.

அடுத்த வீடியோ இதே கோஷ்டியின் 'பிளண்டர்', 1931. கை வைக்காத, இரைச்சலோடு இருக்கிற பிரதி எங்கே கிடைக்கும் என்று யாருக்காவது தெரிந்தால் உடனே சொல்லுங்கள்.