கதியாலும் மண்மூட்டையும்

நடுவர் அவர்களுக்கும் அவையோருக்கும் வணக்கம். மணியைக் கையில் வைத்திருப்பவருக்குத் தனியாக ஒரு வணக்கம்.

படையெடுப்பின் பின் பன்னாட்டுப் படை நடத்தும் நிர்வாகம் மக்களுக்குக் காவலே என்று வாதிட்ட எதிரணித் தலைவர், "வேலியில் நடும் ஒரு கதியாலுக்காக மூன்று தலைமுறை வழக்காடும் யாழ்ப்பாணத்தாருக்கு வெளியார் காவலின் அருமை தெரியுமா?" என்று கேட்டு உங்கள் கைதட்டலை வாங்கிக்கொண்டார். நானும் தட்டினேன், நல்ல பகிடி. ஆனால் அந்தக் கதியாலைப் பிடித்தபடியே அவர் என்னுடன் பாபிலோனுக்கு வரவேண்டும்.

2003 இல் ஈராக் வீழ்ந்தபின், அங்கே அமெரிக்காவும் பிரித்தானியாவும் ஆக்கிரமிப்பாளர்களே என்பதை ஐ.நா. பாதுகாப்புச் சபையின் 1483 ஆம் தீர்மானம் ஏற்றுக்கொண்டது. செப்டெம்பரில் நடுத் தெற்குப் பகுதி போலந்து தலைமையிலான பன்னாட்டுப் பிரிவிடம் போனது. அமெரிக்கர் முன்னரே கூடாரமடித்திருந்த பாபிலோன் தொல்நகரமே அதற்கும் முகாம். காவலுக்கு மூட்டை வேண்டும். மூட்டைக்கு மண் வேண்டும். மண்ணோ காலடியில் கிடந்தது. பானை ஓட்டுத் துண்டும் எலும்பும் கலந்த அந்தத் தொல்மண்ணையே அள்ளி அடைத்தார்கள். தவறென்று தெரிந்ததும் நிறுத்தினார்களா? நிறுத்தினார்கள், நடுவர் அவர்களே! நிறுத்திவிட்டு, வேறிடத்து மண்ணைக் கொண்டுவந்தார்கள். எது பாபிலோன் மண், எது வந்த மண் என்று நாளை அகழ்பவர் தடுமாறும்படி அதுவும் அங்கே கலந்தது. 2600 ஆண்டுப் பழைமையான ஊர்வல வீதியின் செங்கற்கள் கனரக வாகனங்களின் கீழ் நொறுங்கியதையும் பிரித்தானிய அருங்காட்சியக அறிக்கை பதிவுசெய்தது. போலந்துப் படையுடன் தொல்லியலாளரும் வந்திருந்தனர் என்பதை நேர்மைக்காகச் சொல்லிவிடுகிறேன்.

இனிக் கதியால். பக்கத்து வளவுக்காரர் அதை ஒரு சாண் நகர்த்தினால் நான் நீதிமன்றம் போவேன். ஈராக்கியர் எங்கே போவார்? அப்போது ஈராக்கை ஆண்ட, அமெரிக்கத் தலைமையிலான கூட்டணிப் படைகளின் தற்காலிக அதிகாரசபை பிறப்பித்த 17 ஆம் கட்டளை, அப்படையினரை ஈராக்கிய நீதிமன்றங்களின் பிடிக்கு அப்பால் வைத்துவிட்டது. மூன்று தலைமுறை வழக்காட முடிவது, தலைவரே, எங்கள் சிறுமையன்று, பேறு.

படையினர் வசமிருந்த எங்கள் வலிகாமத்து வளவுக்கு அம்மா இருபது வருடங்களுக்குப் பின் திரும்பியபோது வீடு இருக்கவில்லை. உக்கிய மண்மூட்டைகள் ஒரு வரிசை மட்டும் இருந்தது. ஒன்றைக் கிழித்தார். உள்ளே செம்மண். "இது எங்கடை தோட்டத்து மண்" என்றவர், பொழுதுபடும்வரை மூட்டை மூட்டையாக அவிழ்த்துத் தோட்டத்திலேயே கொட்டினார். பிறகு எல்லையைத் தேடினார். பூவரசங்கதியால் ஒன்று பெருமரமாகி நின்றது. அதைக் கட்டிப்பிடித்து அழுதார். அப்பு காலத்திலிருந்து நாங்கள் வழக்காடிய அதே கதியால்.