பத்துப் படகில் மூன்று

வானொலி நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

பாம்பன் தென்கடல் கரையில் ஒரு காலையில் பத்து நாட்டுப்படகுகள் கரைசேர்கின்றன என்று வைத்துக்கொள்வோம். அன்றைய மீன்பாட்டைக் கணக்கெடுக்க வந்தவருக்கு மூன்று படகுகளை மட்டுமே எடைபோட நேரம் இருக்கிறது. முதலில் வந்த மூன்றை எடுத்துக்கொள்வது எளிது; ஆனால் அவை பக்கத்திலேயே வலை விரித்துத் திரும்பியவையாக இருந்தால், தொலைவுக்குப் போன படகுகளின் மீன்பாடு கணக்குக்கே வராமல் போய்விடும். ஆகவே பத்துச் சீட்டுகளில் எண் எழுதி, ஒரு தூக்குவாளியில் போட்டுக் குலுக்கி, எடுத்த சீட்டைத் திரும்பப் போடாமல் மூன்றை எடுக்கிறோம். இதைத்தான் எளிய சமவாய்ப்புக் கூறெடுப்பு என்கிறோம். உப்புக்காற்றில் ஈரம் ஏறிய சீட்டுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். ஆதலால் சீட்டுகளை ஒரே அளவில் வெட்டி, ஒரே விதமாக மடித்து, ஒட்டியவற்றைப் பிரித்துவிட்டே குலுக்க வேண்டும். இல்லையேல் சமவாய்ப்பு என்பது பெயரளவில்தான் இருக்கும்.

முதல் சீட்டில் வராத படகுக்கு அடுத்த சீட்டுகளில் வாய்ப்பு கூடிவிடாதா என்று பலர் கேட்பதுண்டு. நான்காம் எண் படகைப் பார்ப்போம். முதல் சீட்டாக அது வரும் நிகழ்தகவு 1/10. இரண்டாவதாக வர வேண்டுமானால் முதலில் வேறொன்று வந்து, மீதி ஒன்பதில் இது வர வேண்டும்: 9/10 × 1/9, அதுவும் 1/10தான். மூன்றாவதற்கும் அவ்வாறே. மொத்தம் 3/10. மூன்று படகுகளைத் தேர்ந்தெடுக்க 120 வழிகள் உண்டு. அவற்றுள் 36இல் நான்காம் எண் இடம்பெறுகிறது என்று எண்ணிப் பார்த்தாலும் அதே விடைதான். சீட்டைப் பிரித்துப் பார்த்த பின்னரே நிலை மாறுகிறது. முதலில் ஏழாம் எண் வந்துவிட்டது என்று தெரிந்தால், நான்காம் எண்ணுக்கு எஞ்சிய வாய்ப்பு 2/9, அதாவது ஏறத்தாழ 22 விழுக்காடு.

சிறிய தொகுதியின் தனித்தன்மை இதில்தான் அடங்கியிருக்கிறது. அண்ணன் படகும் தம்பி படகும் சேர்ந்தே தேர்வாகும் வாய்ப்பு 3/10 × 2/9, அதாவது 1/15. இரண்டும் ஒன்றையொன்று சாராதவை என்று தவறாகக் கொண்டு 3/10ஐ அதனாலேயே பெருக்கினால் 9/100 கிடைக்கும். உண்மை விடை அதைவிடக் கணிசமாகக் குறைவு. ஆயிரம் படகுகளில் முந்நூறை எடுக்கும்போது இந்த வேறுபாடு கண்ணுக்கே தெரியாத அளவு சுருங்கிவிடும். சீட்டைத் திரும்பப் போட்டு எடுத்தாலோ, பத்தில் மூன்று எடுப்பதற்குள் ஒரே படகு மறுபடியும் வரும் வாய்ப்பு 28 விழுக்காடு. ஒரே கூடை மீனை இரண்டு தடவை எடைபோடுவதில் புதிதாக என்ன தெரியப்போகிறது?

திரும்பப் போடாமல் எடுக்கும்போது மூன்று படகுகளின் சராசரி மீன்பாட்டின் மாறுபாடு, அதாவது குலுக்கலுக்குக் குலுக்கல் அந்தச் சராசரி எவ்வளவு சிதறுகிறது என்பதன் அளவு, திரும்பப் போட்டு எடுப்பதில் வருவதைப் போல 7/9 பங்குதான். ஏழு படகுகளை எடுத்தால் அது 1/3 ஆகும். பத்தையும் எடைபோட்டால் சுழியாகும். 1947இல் தொடங்கிய மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் கணக்கெடுப்பிலும், கரைசேர்ந்த படகுகள் 15க்கு மேற்படாதபோது சீட்டுக்கே வேலையில்லை. எல்லாப் படகுகளின் மீன்பாட்டையும் பதிவு செய்துவிடுகிறார்கள்.