வண்ணச் சட்டைக்காரரும் கறுப்பு வெள்ளைப் பெட்டியும்

நேயர்களுக்கு வணக்கம்.

இன்று நான் பேச வந்திருப்பது ஜிம்மி டெமரெட் என்ற அமெரிக்க கோல்ஃப் வீரரைப் பற்றி. டெக்சஸ் மாநிலத்து ஹூஸ்டன்காரர். கோல்ஃபின் பெரிய போட்டிகளில் ஒன்றான மாஸ்டர்ஸை 1940, 1947, 1950 ஆகிய ஆண்டுகளில் வென்றவர். அந்தப் பட்டத்தை மூன்று முறை பெற்ற முதல் வீரர் இவர்தான். ஆனால் மைதானத்துக்கு வந்தவர்கள் இவருடைய ஆட்டத்துக்குச் சமமாகச் சட்டையையும் வேடிக்கை பார்த்தார்கள். மற்றவர்கள் சாம்பல், பழுப்பு என்று அடக்கமாக உடுத்திய காலத்தில் கண்ணைப் பறிக்கும் நிறங்களில் வந்து நிற்பார். வானொலியில் அதை உங்களுக்குக் காட்ட எனக்கு வழியில்லை. அன்றைய தொலைக்காட்சிக்கும் வழியில்லை, அது கறுப்பு வெள்ளை. 1960-களில் ஷெல் நிறுவனம் வண்ணத்தில் எடுத்த கோல்ஃப் தொடரில், ஜீன் சாரசன் என்ற இன்னொரு கோல்ஃப் வீரரோடு சேர்ந்து இவர் வர்ணனை செய்தது பிற்காலக் கதை.

அதுவரை சின்னத்திரைக்குப் பயன்பட்டது இவருடைய வாய்தான். இளமையில் கால்வெஸ்டன் நகரத்து இரவு விடுதியில் பாடியவர். கூட்டத்தைச் சிரிக்க வைப்பதும், சிரிப்பு அடங்கும்வரை காத்திருப்பதும் அங்கே படிந்த பழக்கமாகத்தான் இருக்க வேண்டும்.

1953-இல் சிகாகோ அருகே டாம் ஓ'ஷாண்டர் மைதானத்தில் நடந்த போட்டி, அமெரிக்கா முழுவதும் நேரலையில் காட்டப்பட்ட முதல் கோல்ஃப் போட்டி. முதல் பரிசு 25,000 டாலர். கடைசிக் குழியில் லூ வோர்ஷம் ஏறத்தாழ 100 கஜத்திலிருந்து அடித்த பந்து நேரே குழிக்குள் போய்விட்டது. சமன் செய்யவே திணற வேண்டிய இடத்தில், ஒரே ஒரு ஸ்ட்ரோக், அதாவது மட்டையால் பந்தை ஒருமுறை அடிப்பது, அந்த வித்தியாசத்தில் பட்டமே அவருக்கு. நேரடி வர்ணனையில் இருந்த டெமரெட், வியப்பில் ஒரு வசவுச் சொல்லையும் சேர்த்துக் கத்திவிட்டார் என்று கோல்ஃப் உலகில் இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். அதை இங்கே நான் திருப்பிச் சொன்னால் இந்த நிலையத்தார் என்னை மறுபடி அழைக்க மாட்டார்கள்.

அடுத்த ஆண்டு, 1954 மே மாதம், 'ஐ லவ் லூசி' என்ற தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் டெமரெட் தோன்றினார். தங்களோடு கோல்ஃப் ஆட வரும் மனைவியரை விரட்ட, கணவன்மார் இருவரும் கோமாளித்தனமான விதிகளை இட்டுக்கட்டிச் சொல்லிக் கொடுக்கிறார்கள். பெண்களும் அதை வேதவாக்காக நம்பி மைதானத்தில் இறங்கி, டெமரெட்டின் கண்ணில் படுகிறார்கள். உண்மையைச் சொல்லிப் பழிவாங்கவும் துணைபோகிறார் அவர். பார்வையாளர்கள் எதிரிலேயே படமாக்கப்பட்ட தொடர் அது. அதன் நாயகி லூசில் பால் முகத்தைக் கோணும்போது பக்கத்தில் நிற்பவர் தடுமாறாமல் இருப்பதே பெரிய காரியம்.

டெமரெட்டைவிடப் பெரிய வீரர் பென் ஹோகன், 1948 யு.எஸ். ஓபன் கோல்ஃப் போட்டியில் இவரை இரண்டாம் இடத்துக்குத் தள்ளியவர், அதிகம் பேசாதவர். அவருடைய வாழ்க்கையை 1951-இல் ஹாலிவுட் படமாக எடுத்தது. ஹோகனாக நடித்தவர் க்ளென் ஃபோர்ட் என்ற நடிகர். டெமரெட்டாக வந்தவர் டெமரெட்டேதான்.