மைலோ டின்னுக்குள் இருந்த முகமது அலி

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, எத்தனையோ வேலைகளுக்கிடையே வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் டத்தோ அவர்களே, பிரிக்பீல்ட்ஸில் இந்த மண்டபத்தைத் தந்த நிர்வாகத்தாரே, காலையிலிருந்து சமையற்கட்டில் நிற்கும் மகளிர் பகுதிச் சகோதரிகளே, அனைவருக்கும் வணக்கம். புரொஜெக்டர் வாடகையை டத்தோ தம் கையிலிருந்து கொடுத்தார். அவர் சொல்லமாட்டார், நான் சொல்லிவிடுகிறேன்.

குத்துச்சண்டை வீரர் முகமது அலியைப் பற்றி மூன்று செய்திகள் பேச வந்தேன். அவருடைய ஆட்டம், 1967இல் ராணுவத்தில் சேர மறுத்துப் பட்டத்தையே இழந்த துணிவு, அவரைப் பற்றிய ஆவணப்படங்கள். நிழலின் அருமை வெயிலில் தெரியும் என்பார்கள். நிழற்படத்துக்கும் அது பொருந்தும்.

1974இல் லியோன் காஸ்ட் என்ற இயக்குநர் ஆப்பிரிக்காவிலுள்ள கின்ஷாசாவுக்குப் போனது இசை விழாவைப் படமெடுக்க. அங்கே அலியோடு மோதவிருந்த ஜார்ஜ் ஃபோர்மனுக்குப் பயிற்சியில் கண்ணுக்கு மேலே வெட்டு விழுந்து, சண்டை ஐந்து வாரம் தள்ளிப்போனது. கேமரா அலியின் பக்கம் திரும்பியது. அக்டோபர் 30, எட்டாவது சுற்றில் ஃபோர்மன் சாய்ந்தார். ஆனால் காஸ்டின் அந்த ஆவணப்படம் ‘வென் வி வேர் கிங்ஸ்’ வெளிவந்ததோ 1996இல். பணச் சிக்கலால் 22 ஆண்டுகள் இழுத்தது! அதற்கு ஆஸ்கர் கிடைத்த மேடையில், பார்க்கின்சன் நோயால் தளர்ந்திருந்த அலிக்குப் படியேறக் கைகொடுத்தவர் அதே ஃபோர்மன். அந்தச் சுருள்களை யாரோ குப்பையில் போட்டிருந்தால்?

சரி, நம் ஊருக்கு வருகிறேன். 1975 ஜூலை 1, கோலாலம்பூர் ஸ்டேடியம் மெர்டேக்கா. அலியும் ஜோ பக்னரும் 15 சுற்றுகள் மோதினார்கள், புள்ளிகளில் அலி வென்றார். என் அப்பா செந்தூல் ரயில்வே பட்டறையில் வேலை செய்தவர். அன்று சித்தப்பாவோடு போனார். சித்தப்பாவிடம் இரவல் கேமரா, ஒரே ஒரு ரோல். “அண்ணே, அவசரப்பட்டு அமுக்காதீங்க” என்று சொல்லிக்கொண்டே அவரே பாதி ரோலை வரிசையில் நின்ற கூட்டத்துக்குச் செலவழித்துவிட்டாராம். கச்சான் விற்றவர், தோளில் பிள்ளையைத் தூக்கி நின்ற பட்டறைத் தோழர், வேட்டியை மடித்துக் கட்டிய ஒரு தாத்தா. அலி பதிந்தது இரண்டே படத்தில், கட்டைவிரல் அளவுக்கு. தீபாவளிதோறும் அப்பா மைலோ டின்னைத் திறந்து அந்தக் கட்டைவிரலைத்தான் காட்டுவார். குவாட்டர்ஸைக் காலி செய்து அடுக்குமாடிக்குப் போனபோது டின் துருப்பிடித்திருந்தது, படங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருந்தன. நான்தான் தூக்கிப் போட்டேன். இன்று அலியின் படம் எங்கும் கிடைக்கிறது. அந்த வேட்டித் தாத்தாவின் படம் எங்கே கிடைக்கும்? நிழலின் அருமை வெயிலில்தான் தெரிந்தது எனக்கு.

ராணுவ விவகாரத்தைப் பேச நேரமில்லை, மன்னியுங்கள். இதைச் சொல்லியாக வேண்டும். நம் பந்தாட்டக்காரர்கள், ஓட்டக்காரர்கள், தோட்டத்துக் கபடிக் குழுக்கள் எல்லாம் இன்னும் யாரோ ஒருவர் வீட்டு டின்னில்தான் இருக்கிறார்கள். வாசலில் வலப்பக்கம் ஒரு மேசை போட்டிருக்கிறோம், ஸ்கேனரோடு இரண்டு தம்பிமார் இருப்பார்கள். படத்தின் பின்னால் பெயர், ஊர், ஆண்டு மூன்றையும் பென்சிலில் எழுதிக் கொடுங்கள், பேனா வேண்டாம். அசலை அங்கேயே திருப்பித் தந்துவிடுவார்கள்.