பெயர் தெரியாமலே நாம் அழுத முகம்

சபையோருக்கு வணக்கம். மலேசியாவின் சுங்கை சிப்புட்டைச் சுற்றியுள்ள ரப்பர் தோட்டங்களில் பாலெடுக்கப் பால்மரம் வெட்டிய தலைமுறையினர் பலர் இங்கே அமர்ந்திருக்கிறீர்கள். திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய இரவுகளில், விடியுமுன் பெரட்டு என்ற ஆள் கணக்கெடுப்புக்கு எழவேண்டும் என்பதையும் மறந்து, ஈரப் புல்லில் பாய் விரித்து உட்கார்ந்தவர்கள் நீங்கள். அன்று உங்களைக் கண்கலங்கச் செய்த ஒரு முகத்தின் பெயரைச் சொல்லவே வந்திருக்கிறேன். என் அப்பாவுக்கு அவர் பாரதியார். பாட்டிக்குக் கடைசிவரை அவர் 'பட்டர்'. எஸ். வி. சுப்பையா என்ற பெயர் தோட்டக் குடியிருப்பு வரிசையான எங்கள் லயத்து வீட்டில் ஒருநாளும் ஒலித்ததில்லை.

நாடக மேடையில் பயின்று திரைக்கு வந்தவர் அவர். 1961-இல் பி. ஆர். பந்துலு இயக்கிய 'கப்பலோட்டிய தமிழன்' படத்தில் சிவாஜி கணேசன் வ. உ. சி.யாக நடிக்க, பாரதி வேடம் சுப்பையாவுக்கு வாய்த்தது. தலைப்பாகையையும் மீசையையும் யாருக்கும் பொருத்திவிடலாம். இரவல் குரலில் ஒலிக்கும் பாட்டைத் தன் நெஞ்சிலிருந்தே கிளம்புவதாக நம்பவைப்பதுதான் அரிது.

அந்த அருமையின் உச்சம் 1971-இல் வந்த 'ஆதி பராசக்தி'. அமாவாசையைப் பௌர்ணமி என்று மன்னரிடம் சொல்லிவிட்டு, உயிரைப் பணயம் வைத்து நிற்கும் அபிராமி பட்டர் அவர். டி. எம். சௌந்தரராஜனின் குரலில் 'சொல்லடி அபிராமி' முழங்கும்போது அந்த முகத்தில் கெஞ்சல் மட்டுமா இருந்தது? பெற்ற தாயிடம் உரிமையோடு சண்டை பிடிக்கும் பிள்ளையின் கோபமும் இருந்தது. எங்கள் தோட்டத்து மாரியம்மன்முன் நின்று, "ஏண்டி ஆத்தா, உனக்குக் கண்ணு தெரியலையா?" என்று பாட்டி கேட்டதும் அதே கோபத்தில்தான். அதனால்தான் பாட்டிக்கு அந்தப் பட்டர் அந்நியராகப் படவில்லை.

1973-இல் கே. பாலசந்தரின் 'அரங்கேற்ற'த்தில் அவர் ஏழைப் புரோகிதர், பல பிள்ளைகளின் தகப்பன். மூத்த மகள் தன்னையே விற்று அந்த வீட்டைக் காப்பாற்றுகிறாள். அதை அறியாத தந்தை ஆசாரம் பிசகாமல் வாழ்கிறார். ஒற்றைச் சம்பளத்தில் எட்டு வயிறுகளை நிரப்பிய நமக்கு அந்த வீட்டின் பசி தெரியும். அந்தத் தகப்பனை வில்லனாகவோ அப்பாவியாகவோ ஆக்கிவிடாமல் சுப்பையா காத்தார் என்பதே என் கணிப்பு.

அவரே தயாரித்த படம் 1969-இல் வெளிவந்த 'காவல் தெய்வம்'. ஜெயகாந்தனின் 'கைவிலங்கு' கதை, இயக்கியவர் கே. விஜயன். கைதிகளைப் பிள்ளைகளாகப் பார்க்கும் சிறை அதிகாரியாக நடித்தவர், சீறிப் பாயும் சாமுண்டி வேடத்தைச் சிவாஜிக்குத் தந்தார். சொந்தப் பணம் போட்ட படத்திலும் அடங்கிய பாத்திரத்தையே தமக்கு வைத்துக்கொண்டவரை வேறெங்கே தேடுவது?

அந்தப் படத்தை இன்னும் சற்று நேரத்தில் இம்மண்டபத்தில் திரையிடுகிறோம். முன்வரிசை நாற்காலிகளைப் பெரியவர்களுக்கு விட்டுக்கொடுங்கள்.