கணவாய்க்கு முதுகெலும்பு உண்டா? காசிமேட்டிலிருந்து நேராக வகுப்புக்கு!

வணக்கம் மக்களே! விலங்குகளின் வகைப்பாடு பாடத்தை சார்ட்டே இல்லாமல் நடத்திவிட்டு வந்திருக்கிறேன், அவ்வளவு சந்தோஷம். சார்ட் எனக்கு ஆகாது, உங்களுக்கே தெரியும். வகுப்பில் புதிதாக மாட்டியிருக்கும் சார்ட்டில் டால்பின் மீன்கள் கட்டத்தில் இருக்கிறது! உயிரினங்களை வகைப்படுத்திய லின்னேயஸ், டால்பினின் சொந்தமான திமிங்கிலத்தை 1735-இல் மீன்களோடு வைத்தார், சரி. 1758-இலேயே பாலூட்டிகளோடு சேர்த்துவிட்டாரே! இன்னமும் இப்படி அச்சடித்து விற்றால் எரிச்சல் வராதா?

அதனால் விடியற்காலையிலேயே காசிமேடு மீன் சந்தைக்குப் போனேன். சங்கரா, இறால், நண்டு எல்லாம் சட்டென்று முடிந்தது. கணவாய்தான் இழுத்தது. கிலோ 400 என்றார் மீன் விற்கிற அக்கா. எனக்குத் தேவை நாலே நாலு. அரைக் கிலோவுக்குக் குறைந்து தரமாட்டாராம். 200 ரூபாயில் ஆரம்பித்து, 180, 170 என்று பேசி, பிள்ளைகளுக்குப் பாடம் நடத்த என்று சொன்ன பிறகு அரைக் கிலோ 150-க்கு இறங்கினார். உடனே சுத்தம் செய்யக் கத்தியை எடுத்துவிட்டார். "அக்கா, அப்படியே குடுங்க, உள்ளே இருக்கிறதுதான் எனக்கு வேணும்!"

வகுப்பில் ஒரே கேள்வி: முதுகெலும்பு உண்டா, இல்லையா? தொகுதிப் பெயர்களை மனப்பாடம் செய்யவைத்துத் தொடங்குவது எனக்குத் துளியும் பிடிக்காது. சங்கரா ஒரு பக்கம் போனது, இறாலும் நண்டும் இன்னொரு பக்கம். கணவாயை ஒரு மாணவி கீறினாள். முதுகுப் பக்கத்திலிருந்து நீளமாக, கண்ணாடி போல ஒரு தகடு உருவிக்கொண்டு வந்தது. "மிஸ், முதுகெலும்பு!" என்று வகுப்பே கத்தியது. நான் காத்திருந்ததே இதற்குத்தான்!

சங்கராவின் நடுமுள்ளை எடுத்துப் பக்கத்தில் வைத்தேன். முள்ளில் கணுக்கணுவாகத் துண்டுகள். தகட்டில் ஒரு கணுகூட இல்லை. அது எலும்பே இல்லை, இறால், நண்டு ஓட்டில் இருக்கிற கைட்டின் என்ற பொருள். கணவாயின் மூதாதைகளுக்கு வெளியே இருந்த ஓடு, உள்ளே போய் இப்படிச் சுருங்கிவிட்டது. "அப்போ இது நத்தைக்குச் சொந்தமா மிஸ்?" அவளேதான் கேட்டாள். மெல்லுடலி என்ற பெயரை அதற்கு அப்புறம்தான் பலகையில் எழுதினேன்.

ஒன்று சொல்ல விட்டுப்போச்சு, நான் வாங்கியது ஊசிக் கணவாய். ஓட்டுக் கணவாய் வாங்கினால் இந்தத் தகடு கிடைக்காது. லவ் பேர்ட்ஸ் கூண்டில் மாட்டுவார்களே, அந்த வெள்ளைச் சுண்ணாம்பு ஓடுதான் இருக்கும். பார்த்து வாங்குங்கள்.

நண்டுக்குக் கொடுக்கோடு சேர்த்துப் பத்துக் கால், இறாலுக்கும் நடக்கிற கால் பத்து. எல்லாமே கணுக்கணுவாக மடங்குகிற கால். எண்ணி முடித்ததும் கணுக்காலிகள் என்று அவர்களே சேர்த்துவிட்டார்கள்.

அடுத்தது பால் சுறா. உடம்பு முழுக்கக் குருத்தெலும்புதான், எலும்பே கிடையாது. அதை எந்தப் பக்கம் வைப்பார்கள் என்று பார்த்துவிடலாம். விலை இப்போதே விசாரித்துவிட்டேன், அடுத்த வீடியோவில் சொல்கிறேன்.