தகரக் கொட்டகையில் ஓர் அமைச்சர்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, இந்தக் கூட்டத்துக்காக ஓடியாடி உழைத்த செயலாளர் தம்பி அவர்களே, முன்வரிசையில் வீற்றிருக்கும் கோயில் அறங்காவலர் ஐயா அவர்களே, நகரமன்ற உறுப்பினர் அம்மையார் அவர்களே, தாய்மார்களே, லெனேசியாத் தமிழ் மக்களே, அனைவருக்கும் என் பணிவான வணக்கம். உடல்நலம் குன்றிய நிலையிலும் நம் மருத்துவர் ஐயா வந்திருக்கிறார். அவருக்குத் தனி வணக்கம்.

நம் தென்னாப்பிரிக்காவின் முன்னாள் அமைச்சர் டோக்கியோ செக்ஸ்வாலேயைப் பற்றிப் பேசப் பணித்தீர்கள். போராளி, வணிகர், அமைச்சர் என மூன்று நிலைகளிலும் அவரைப் பார்க்கலாம் என்றுதான் புறப்பட்டு வந்தேன்.

நம் பக்கத்துச் சொவெட்டோவில் 1953-ல் பிறந்தவர். பெற்றோர் இட்ட பெயர் மொசிமா கேப்ரியேல். கராத்தே பழகியதால் வந்த பெயர் டோக்கியோ. இளம் வயதிலேயே, வெள்ளையர் ஆட்சியை எதிர்த்த ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸின் ஆயுதப் பிரிவில் சேர்ந்து, சோவியத் நாட்டில் பயிற்சி பெற்று, எல்லை தாண்டித் திரும்பிய சிறிது காலத்திலேயே பிடிபட்டார். 18 ஆண்டுத் தண்டனை. ரோபன் தீவுச் சிறையில் அடைபட்ட காலத்திலும் தென்னாப்பிரிக்கப் பல்கலைக்கழகத்தின் அஞ்சல்வழிப் பாடங்களைப் படித்தார். 1990-ல் வெளியே வந்தார். 1993 ஏப்ரலில் டான் பார்க்கில் விடுதலைப் போராட்டத் தலைவர் கிறிஸ் ஹானி சுட்டுக் கொல்லப்பட்டபோது, பக்கத்து வீட்டுக்காரரான இவர் நாடே பார்க்கக் கதறியதைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டீர்கள்.

அடுத்த ஆண்டு நம் கௌடெங் மாகாணத்தின் முதல் பிரிமியர், அதாவது மாகாண அரசின் தலைவர். 1998-ல் பதவியை விட்டு வணிகத்துக்குப் போனார். ம்வெலபாண்டா நிறுவனத்தின் வழியாக வைரம், எண்ணெய், வங்கிப் பங்கு என்று பெருஞ்செல்வர் ஆனார். அதை விரித்துப் பேச வேறொரு மாலை வேண்டும். என் நெஞ்சில் நிற்பது ஒரே ஓர் இரவு.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால் தெரியும் என்பார்கள் நம் பெரியவர்கள். 2009-ல் மனிதக் குடியிருப்பு அமைச்சரானார் செக்ஸ்வாலே. அந்த ஆகஸ்ட்டில், குளிர் விலகாத நேரத்தில், ஜோகன்னஸ்பர்க்கின் ஏழைக் குடியிருப்பான டீப்ஸ்லூட்டில் ஒரு தகரக் கொட்டகைக்குப் போய் இரவு தங்கினார். கோடீஸ்வரர் ஐயா! டெயின்ஃபெர்ன் மாளிகைகளும் கோல்ஃப் மைதானமும் அங்கிருந்து சில கிலோமீட்டர்தான். டீப்ஸ்லூட் கொட்டகைகளுக்குள் நான் போயிருக்கிறேன். ஆணி அடித்த இடத்தில் தகரம் கிழியாமலிருக்க பீர் பாட்டில் மூடியைத் தட்டையாக்கி வைத்து அடித்திருப்பார்கள். காற்றில் கூரை பறக்காமலிருக்க மேலே கல்லும் பழைய டயரும். கட்டிலின் கால்களுக்குக் கீழே செங்கல். மழைத் தண்ணீர் உள்ளே வந்தால் படுக்கையாவது தப்பும். மண்ணெண்ணெய் அடுப்பை மூட்டினால் மூச்சு முட்டும், அணைத்தால் எலும்பு நடுங்கும். விடியற்காலையில் மூச்சுக்காற்று தகரத்தில் குளிர்ந்து, தூங்கும் குழந்தையின் முகத்தில் சொட்டுச் சொட்டாக விழும். கழிப்பறை வெளியே, இருட்டில், பல குடும்பங்களுக்குப் பொது. அங்கே ஓர் அமைச்சர் படுத்திருக்கிறார் என்றால்? விளம்பரம் என்றார்கள். ஓர் இரவில் என்ன தெரியும் என்றார்கள். நான் கேட்கிறேன்: அந்த ஓர் இரவையாவது எத்தனை அமைச்சர்கள் கழித்தார்கள்? தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தானே தெரியும்!

நமக்கு வந்த காய்ச்சலும் இதுதான். வெள்ளையர் ஆட்சியில், இனவாரிக் குடியிருப்புச் சட்டத்தைக் காட்டி, ஜோகன்னஸ்பர்க்கின் பேஜ்வியூவிலிருந்து நம் குடும்பங்களை வாரிக் கொண்டுவந்து இந்த லெனேசியாவில் கொட்டினார்கள். 2012 நவம்பரில் இதே ஊரில் புல்டோசர் வந்ததே, மறந்துவிட்டோமா? அரசு நிலத்தை மோசடிக்காரர்கள் விற்றார்கள். ஏழைகள் காசைக் கொடுத்து, செல்லாத பத்திரத்தை வாங்கி, வீடும் கட்டினார்கள். மாகாண அரசு இடித்தது. நிறுத்துங்கள் என்று குரல் கொடுத்தவர் இதே செக்ஸ்வாலேதான். அடுத்த ஆண்டே அவர் அமைச்சரவையில் இல்லை.

அவையோரே, வீடு வேண்டும், அந்த வீட்டுக்குச் செல்லுபடியாகும் உரிமைப் பத்திரமும் வேண்டும். இதைத்தான் ஊர் ஊராகச் சொல்லி வருகிறேன். அரசியல் சட்டத்தின் 26-வது பிரிவு வீட்டு உரிமையைச் சொல்கிறது. ஐரீன் க்ரூட்பூம் என்ற பெண்மணி அதைப் பற்றிக்கொண்டு அரசியல் சட்ட நீதிமன்றம் வரை போய், 2000-ல் வெற்றியும் பெற்றார். உலகெங்கும் சட்ட மாணவர்கள் அந்தத் தீர்ப்பைப் படிக்கிறார்கள். அந்த அம்மாள் 2008-ல் இறந்தபோதும் கொட்டகையில்தான் இருந்தார். 1994-க்குப் பின் அரசு கட்டித் தந்த வீடுகளிலும் பத்திரம் கைக்கு வராத குடும்பங்கள் ஏராளம். பத்திரம் இல்லாவிட்டால் வங்கி கடன் தராது. தாய் இறந்தால் மகள் வாசலில் நிற்பாள்.

செக்ஸ்வாலே 2016-ல் ஃபிஃபா தலைவர் பதவிக்கு நின்றதையும் வாக்கெடுப்பு அன்றே விலகியதையும் பேச எண்ணியிருந்தேன். தலைவர் கடிகாரத்தைக் காட்டுகிறார். வாசலருகே மேசையில் மனு இருக்கிறது. அரசு தந்த வீட்டில் பத்திரமில்லாமல் வாழ்வோர் வீட்டு எண்ணையும், வீடு கைக்கு வந்த ஆண்டையும் எழுதுங்கள், மற்றவர்கள் கையெழுத்திடுங்கள். நகரமன்ற உறுப்பினர் அம்மையார் முதல் கையெழுத்து இடுவதாக வாக்களித்திருக்கிறார்கள். நன்றி, வணக்கம்.